மாஸ்க் போட்டுப் பெண் பார்த்த கதை

குண்டாக இருப்பவர்களுக்குக் காது வேறு மாதிரி வேலை செய்யும். பஸ்ஸில் கண்டக்டர் "உள்ள போங்க, உள்ள அவ்வளவு இடம் கெடக்கு" என்று பொதுவாகக் கத்தினாலும், அது நமக்காகவே சொன்னதாகப் படும். மளிகைக்கடையில் "மூட்டை வந்து எறங்கிருச்சா?" என்று யாரோ அரிசியைப் பற்றி விசாரித்தால் நமக்குத் திக்கென்று இருக்கும். என் காது இந்த விஷயத்தில் நன்றாகத் தேறிய காது. அதை நம்பித்தான் என் கல்யாணத்தையே கவிழ்க்கப் பார்த்தேன்.

பன்றிக்காய்ச்சல் பயம் நாடு நாடாகப் பரவிய வருடம் அது. (மாஸ்க் என்றதும் பின்னால் வந்த பெரிய கொள்ளைநோயை நினைத்துக்கொள்ளாதீர்கள். எங்களைப் போன்ற பிளேன் பயணிகள் அதற்குப் பத்து வருடம் முன்பே ரிகர்சல் பார்த்துவிட்டோம்.) நான் அப்போது சிங்கப்பூரில் ஒரு கப்பல் பட்டறையின் ஸ்டோரில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். சொந்த ஊர் பழனி. அப்பாவுக்கு அடிவாரத்தில் பஞ்சாமிர்தக் கடை. என் பெயர் தண்டபாணி. எங்கள் தெருவில் கல்லை விட்டெறிந்தால் ஏதாவது ஒரு தண்டபாணி மேல்தான் விழும். மலைமேல் கோவணத்தோடு மெலிந்து நிற்கிற சாமியின் பெயர். ஊரைவிட்டுக் கிளம்பும்போது நானும் ஏதோ அந்தப் பெயருக்குப் பொருத்தமாகத்தான் இருந்தேன். அதற்குப் பிறகு சிங்கப்பூர்க் கேண்டீனில் பரோட்டா என்னைக் கண்டுபிடித்துவிட்டது.

முந்தைய லீவில் இரண்டு இடத்தில் பெண் பார்க்கப் போய் அவமானப்பட்டிருந்தேன். ஒரு வீட்டில் பெண்ணின் சித்தப்பா என் காதுபடவே, "போட்டோவுல ஒரு ஆளு, நேர்ல ரெண்டு ஆளா வந்திருக்காக" என்றார். இந்தத் தடவையாவது அம்மா புதுப் போட்டோ கொடுத்திருக்கலாம். கொடுக்கவில்லை. பாஸ்போர்ட்டுக்காகப் பல வருடம் முன்பு எடுத்த அதே ஒல்லிப் போட்டோவைத்தான் கொடுத்தாள். "மூஞ்சி அதே மூஞ்சிதானடா? கொஞ்சம் பூசுனாப்புல இருக்கு, அவ்வளவுதானே" என்பது அவள் வாதம்.

போட்டோ போன இடம் கொடைக்கானலை ஒட்டிய அட்டுவம்பட்டி. பெண்ணின் அப்பா சந்தனம் மாமா. பாச்சலூர்ப் பக்கம் தோட்டம் குத்தகைக்கு எடுத்து, எங்கள் கடைக்கு மலைவாழைப்பழம் கொண்டுவந்து போடுகிறவர். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, சின்னப் பையனாகக் குடும்பத்தோடு கப்பலேறி இந்தப் பக்கம் வந்து சேர்ந்தவர். அளந்துதான் பேசுவார். அவர் மகள் யோகேஸ்வரி. வீட்டில் யோகா. கொடைக்கானலில் ஒரு பள்ளி ஆபீசில் வேலை. இரண்டு வீட்டிலும் சம்மதித்து, ஞாயிற்றுக்கிழமைகளில் போனில் பேசிக்கொள்ளலாம் என்று சொல்லியிருந்தார்கள்.

பேசினோம். எனக்கு எல்லாம் முடிந்துபோனது அந்தப் போனில்தான். யோகா சிரித்தால் தொண்டை முழுவதும் திறந்து சிரிப்பாள். மறைத்து, வாயைப் பொத்தி, அதெல்லாம் கிடையாது. அந்தச் சிரிப்பைக் கேட்பதற்காகவே வாரம் முழுக்கச் சேர்த்துவைத்து அசட்டுத்தனமான ஜோக்குகள் சொல்லியிருக்கிறேன். இந்தப் பெண் கிடைக்கவில்லை என்றால் நான் ஆளே இல்லை என்று ஸ்டோரில் நட்டும் போல்ட்டும் எண்ணிக்கொண்டிருக்கும்போது எனக்கே சொல்லிக்கொள்வேன். ஒருநாள் அவள், "போட்டோல இருக்கிற மாதிரியேதான் இருக்கீங்களா?" என்று கேட்டாள். "ஏறக்குறைய" என்றேன். அதில் 'ஏற' மட்டும்தான் உண்மை.

லீவு கிடைத்தது. பத்தே நாள். அதற்குள் போய்ப் பெண்ணை நேரில் பார்த்துப் பூ வைத்துவிட்டு வர வேண்டும். விட்டால் அடுத்த லீவு எப்போதென்று எனக்கும் தெரியாது, என் மேஸ்திரிக்கும் தெரியாது. அதுவரை சந்தனம் மாமா மகளை வைத்துக்கொண்டு காத்திருக்க மாட்டார். இந்தக் கவலையோடுதான் பிளேன் ஏறினேன்.

ஏறினதும் ஆளுக்கொரு மாஸ்க் கொடுத்தார்கள். இருமல், காய்ச்சல் இருந்தால் சொல்லுங்கள், தும்மினால் மூக்கைப் பொத்துங்கள், கையைக் கழுவுங்கள் என்று மைக்கில் அறிவிப்பு வேறு. எல்லாரும் முனகிக்கொண்டே போட்டுக்கொண்டார்கள். நானும் போட்டுக்கொண்டு பாத்ரூமுக்குப் போய்க் கண்ணாடியைப் பார்த்தேன். பார்த்தவன் அப்படியே நின்றுவிட்டேன். கன்னம் இரண்டும் காணோம்! தாடைக்குக் கீழே தொங்கிக்கொண்டிருந்த இரண்டாவது தாடையையும் காணோம். வெறும் கண்ணும் நெற்றியும்தான். கண் குண்டாகாதே! போட்டோவில் இருந்த அதே தண்டபாணி என்னைத் திரும்பிப் பார்த்தான். அட, இத்தனை நாள் இது எங்கேயிருந்தது என்று அழுகையே வந்துவிட்டது.

அந்தப் பயணம் முழுக்க மாஸ்க்கைக் கழற்றவில்லை. மற்றவர்கள் சாப்பாடு வந்ததும் கழற்றி வைத்துவிட்டுச் சாப்பிட்டார்கள். நான் கீழ்ப்பக்கம் கொஞ்சம் தூக்கி, ஸ்பூனை உள்ளே விட்டு, தபால் பெட்டியில் கடிதம் போடுவது போலச் சாப்பிட்டேன். இறங்கும்போது விமானப் பணிப்பெண்ணிடம் இன்னும் கொஞ்சம் மாஸ்க் கிடைக்குமா என்று கெஞ்சி ஒரு கத்தையை வாங்கிக்கொண்டேன். "யூ ஆர் வெரி கேர்ஃபுல் சார்" என்று பாராட்டினார். திருச்சியில் நெற்றிக்கு நேராக ஏதோ கருவியைக் காட்டிப் பார்த்து, காய்ச்சல் இல்லை, சளி இல்லை, போகலாம் என்று விட்டுவிட்டார்கள். மருத்துவப்படி நான் அப்பழுக்கில்லாத மனிதன். இதை நினைவில் வைத்துக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன், ஏனென்றால் அடுத்த நாள் யாரும் நம்பவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா, "ஏலே, இது என்னடா மூஞ்சியில கோமணம்?" என்றாள். பன்றிக்காய்ச்சல் என்று விளக்கினேன். "நாம என்ன பன்னியா வளக்குறோம்?" என்று கேட்டுவிட்டு இட்லி ஊற்றப் போய்விட்டாள்.

அன்று சாயந்திரம் சந்தனம் மாமாவிடமிருந்து போன் வந்தது. அதைச் சொல்வதற்கு முன்னால் ஒன்று சொல்லிவிட வேண்டும். இலங்கைத் தோட்டத்திலிருந்து வந்தவர்கள் பேச்சில் தடிமன் என்றால் சளி. நம்முடைய ஜலதோஷம். (தெற்கே சில ஊர்களில்கூடத் தடுமன் என்பார்களாம்.) எங்கள் தெருவில் சளிக்குச் சளி என்றுதான் பெயர். தடிமன் என்றால் பலகையின் தடிமன், மெத்தையின் தடிமன், அப்புறம் தண்டபாணியின் தடிமன். மாமாவோடு எங்கள் வீட்டுக்கு வருஷக்கணக்காகப் பழக்கம்தான். ஆனால் வாழைப்பழ வியாபாரத்தில் யாரும் மூக்கு ஒழுகுவதைப் பற்றிப் பேசுவதில்லை. அதனால் இந்த விவரம் எங்களில் ஒருவருக்கும் தெரியாது.

"தம்பி, சொகமா வந்து சேந்தீங்களா?"

"வந்துட்டேன் மாமா."

"பிளேன்ல வாறவங்களையெல்லாம் நிறுத்தி வச்சுப் பாக்குறாங்கன்னு டிவியில காட்டுறாங்க. கேக்குறேன்னு தப்பா நெனைக்கக் கூடாது. ஒங்களுக்குத் தடிமன் கிடிமன் ஏதும் இருக்கா?"

யாரோ போட்டுக்கொடுத்துவிட்டார்கள்! பழைய போட்டோ விஷயம் மலையேறி அவர் காதுக்குப் போய்விட்டது. பொய் சொல்லிப் பயனில்லை, நாளைக்கு நேரிலேயே பார்க்கப்போகிறார். ஆனது ஆகட்டும் என்று மனதைத் திடப்படுத்திக்கொண்டேன்.

"கொஞ்சம் இருக்கு மாமா."

"எப்பருந்து?"

"சிங்கப்பூர் போனதுலருந்தே இருக்கு."

"அடக்கடவுளே! டாக்டர்ட்ட காட்டலையா?"

"காட்டுனேன் மாமா. தினமும் நடங்கன்னாரு."

"தடிமனோட நடக்கச் சொன்னாரா? என்ன டாக்டர் அவரு? சரி, பிளேன்ல ஒண்ணும் சொல்லலையா?"

"ஒண்ணும் சொல்லல மாமா. பக்கத்து சீட்டுக்காரர்தான் கொஞ்ச நேரம் பாத்துட்டு எந்திரிச்சு வேற எடத்துக்குப் போயிட்டாரு."

"போவாருதானே" என்றார் மாமா. (இது கொஞ்சம் அதிகம் என்று எனக்குப் பட்டது. ஆனாலும் மாமனாராகப் போகிறவர். பொறுத்துக்கொண்டேன்.)

"வீட்டுல வேற யாருக்கும் இருக்கா தம்பி?"

"எல்லாருக்கும்தான் மாமா. அம்மாவுக்குத்தான் ரொம்ப."

"தங்கச்சிக்குமா? போன வாரம் கடையில பாத்தேனே, நல்லாத்தானே கதைச்சுக்கிட்டு இருந்துச்சு!"

"இருக்கு மாமா. நீங்க கவனிச்சிருக்க மாட்டீங்க."

(என் அம்மா கடைக்குள் இருந்தால் கல்லாப்பெட்டி தெரியாது. அதைக் கவனிக்காத மனிதர் எவ்வளவு பெரிய பண்பாளர் என்று மனசுக்குள் உருகினேன். அந்த உருக்கத்தில்தான் அடுத்ததைச் சொன்னேன்.)

"நீங்க ஒண்ணும் கவலைப்படாதீங்க மாமா. எங்க குடும்பத்துக்கு மருமகளா வந்த எல்லாருக்குமே இது வந்திருக்கு. யோகாவுக்கும் ஆறு மாசத்துல வந்துரும்."

லைன் கட்டாகிவிட்டதோ என்று "மாமா? மாமா?" என்றேன். ஒருவழியாக, சொந்தக்காரர்களுக்கெல்லாம் சொல்லியாகிவிட்டது, வாங்க, ஆனால் மாஸ்க் போட்டுக்கொண்டு வாங்க, எக்காரணம் கொண்டும் கழற்ற வேண்டாம் என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. என் கன்னத்தைச் சொந்தக்காரர்களிடமிருந்து மறைக்க இவரே வழி சொல்லித் தருகிறாரே! இப்படி ஒரு மாமனார் யாருக்குக் கிடைப்பார் என்று அம்மாவிடம் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனேன்.

மறுநாள் வெள்ளனே கிளம்பினோம். அப்பா, அம்மா, நான், ஒரு வாடகை அம்பாசிடர், மடியில் பஞ்சாமிர்த டப்பாக்கள். சிங்கப்பூரில் தைத்த கோட்டு போட்டிருந்தேன். பட்டன் போடாமல் விட்டால்தான் கோட்டு, போட்டால் சித்திரவதை. பழனியிலிருந்து கொடைக்கானல் போகிற மலைப்பாதை தெரியுமல்லவா? வளைவுக்கு வளைவு வயிறு இடம் மாறும். மாஸ்க்குக்குள் என் மூச்சே என் மேல் திரும்பி அடித்துக்கொண்டிருந்தது. நாலைந்து வளைவு தாண்டியதும் வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கினேன். அதற்கப்புறம் ஏறுவதும் இறங்குவதுமாகவே இருந்தேன். தொண்டை கட்டிப்போயிற்று. முகம் வெளுத்துவிட்டது. கண் இரண்டும் சிவந்துவிட்டன.

பாதி வழியில் டீக்கடைக்காரர் ஒருவர், "தைலம் மோந்து பாருங்க, கப்புனு நிக்கும்" என்று ஒரு பாட்டில் யூகலிப்டஸ் தைலத்தை நீட்டினார். அம்மா வாங்கினாள். என் அம்மாவுக்கு எதையும் கொஞ்சமாக ஊற்றத் தெரியாது. தோசைக்கு எண்ணெய் ஊற்றுகிற கணக்கில் புது மாஸ்க்கின் உள்பக்கம் தைலத்தை ஊற்றி என் மூஞ்சியில் மாட்டிவிட்டாள். வாந்தி நின்றது. அதோடு பார்வையும் நின்றது. கண்ணிலிருந்து அருவி மாதிரி தண்ணீர். மூக்கிலிருந்தும்தான். கழற்றலாம் என்றால் மாமாவுக்குக் கொடுத்த வாக்கு இருக்கிறதே! அப்படியே துடைத்துத் துடைத்து, உறிஞ்சி உறிஞ்சி அட்டுவம்பட்டியில் போய் இறங்கினேன்.

நல்ல தூறல், பனிமூட்டம். அந்தக் குளிரில் மாமா வீட்டில் கதவு, ஜன்னல் எல்லாம் விரியத் திறந்து கிடந்தன. உள்ளே சொந்தக்காரர்கள் மூக்குவரை மஃப்ளரைச் சுற்றிக்கொண்டு சுவரோரமாக நின்றார்கள். ஏதோ வழிப்பறிக் கூட்டத்துக்குள் வந்துவிட்டோமோ என்று அப்பாவே ஒரு நிமிடம் தயங்கினார். குளிருக்குத்தான் இப்படி என்று நான் அவருக்குத் தைரியம் சொன்னேன்.

"தம்பி, நீங்க அங்கிட்டு ஒக்காருங்க. காத்தோட்டமா இருக்கும்" என்று மாமா வாசலுக்கு வெளியே, பேரிக்காய் மரத்தடியைக் காட்டினார். அங்கே தனியாக ஒரு இரும்பு நாற்காலி கிடந்தது. மற்ற எல்லாருக்கும் உள்ளே பிளாஸ்டிக் நாற்காலி. எனக்குப் புரிந்துவிட்டது. பிளாஸ்டிக் தாங்காது என்று முன்கூட்டியே இரும்புக்கு ஏற்பாடு செய்திருக்கிறார்கள்! (பிற்பாடு விசாரித்ததில், இரும்பு என்றால் டெட்டால் ஊற்றிக் கழுவ வசதி என்பதுதான் காரணமாம்.) அவமானத்தை விழுங்கிக்கொண்டு உட்கார்ந்தேன். அம்மாவை வாசற்படியோரமாக உட்காரவைத்தார்கள். அவளுக்கும் 'ரொம்ப' இருக்கிறது என்று நான்தானே சொல்லியிருந்தேன்! அப்பாவை மட்டும் எப்படியோ உள்ளே விட்டுவிட்டார்கள்.

பலகாரம் வந்தது. கேசரி, பஜ்ஜி, முறுக்கு. வாசனை தைலத்தையும் தாண்டி வந்தது. தட்டு எல்லாருக்கும் போனது, எனக்கு மட்டும் வரவில்லை. மாமாவின் அக்கா பாக்கியம் அத்தை, மஃப்ளருக்கு மேல் முந்தானையையும் சேர்த்து இழுத்து மூடிக்கொண்டு, ஒரு பெரிய சொம்பை எனக்குக் கொஞ்ச தூரத்தில் தரையில் வைத்துவிட்டுப் பின்னால் நகர்ந்தார்.

"கொத்தமல்லித் தண்ணி. முழுசும் குடிச்சிருங்க தம்பி. ஒங்களுக்கு எண்ணெய்ப் பலகாரம் ஆகாது. இது குடிச்சா வெரசாக் கொறையும்."

பெண் பார்க்க வந்த இடத்தில், சொந்தபந்தம் அத்தனை பேர் முன்னாலும், மாப்பிள்ளைக்கு உடம்பு இளைக்க மருந்து கொடுத்தால் எப்படி இருக்கும்? (அவர்கள் தோட்டத்தில் சளிக்குக் கொத்தமல்லித் தண்ணீர்தான் முதல் வைத்தியம் என்பதை நான் எங்கே கண்டேன்!) மாஸ்க்கின் ஓரத்தைத் தூக்கிக் குடித்தேன். புரையேறியது. பலமாக இருமினேன். சுவரோரம் நின்றவர்கள் எல்லாரும் இன்னும் கொஞ்சம் சுவருக்குள் போனார்கள். அப்பா மட்டும் "பஜ்ஜி நல்லாருக்கு" என்றார். அன்று அவர் பேசியது அவ்வளவுதான்.

அம்மா பார்த்தாள். பிள்ளைக்குத் தட்டு வராததைவிடப் பெரிய அநியாயம் அவள் அகராதியில் கிடையாது.

"ஏண்ணே, எம் புள்ளைக்கு மட்டும் எதுக்குப் பலகாரம் வைக்கல? பொண்ணையும் இன்னும் காங்கல?"

மாமா சங்கடப்பட்டுக் கையைப் பிசைந்தார். "தங்கச்சி, தப்பா நெனைக்காதீங்க. பொண்ண இப்ப முன்னால கூட்டிட்டு வர ஏலாது. தம்பிக்குத் தடிமன் இருக்குல்ல?"

அம்மா எழுந்தாள். நாற்காலியும் கூடவே எழுந்து, பிறகு விழுந்தது. "தடிமனா இருந்தா என்னங்க? ஒங்க வீட்டுச் சோத்தைத் தின்னா தடிச்சான்?"

"நாங்க வேணாம்னு சொல்லல. ஒரு வாரம் போகட்டும். கொறைஞ்சதும் வாங்கன்னுதான் சொல்றோம்."

"ஒரு வாரத்துல எப்படிண்ணே கொறையும்?"

"எல்லாருக்கும் ஒரு வாரத்துல கொறையுதுதானே?"

"எங்க வீட்டுல எங்க மாமனாரு காலத்துலருந்து கொறையல! அவரு சாகும்போதுகூட அப்படியேதான் இருந்தாரு, ஆறு பேரு தூக்குனோம்!"

பாக்கியம் அத்தை "ஐயோ முருகா!" என்று கதவுக்குப் பின்னால் போய்விட்டார். "வேணாம்ணே. எம் புள்ளையோட ஒடம்பைக் கேலி பண்ற எடத்துல எங்களுக்குச் சோலி இல்ல. ஏலே, எந்திரிடா!" என்று அம்மா பஞ்சாமிர்த டப்பாக்களைத் திரும்ப எடுக்க ஆரம்பித்தாள். அப்பா கையில் இருந்த பஜ்ஜியோடு எழுந்தார்.

எனக்கு உலகமே இருண்டுவிட்டது. வண்டியில் ஏறிவிட்டால் அவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமை கிடையாது, அந்தச் சிரிப்பும் கிடையாது. உள்ளே எங்கோ யோகா இருக்கிறாள், இதையெல்லாம் கேட்டுக்கொண்டுதான் இருப்பாள். இனி மானம் என்ன, மரியாதை என்ன! எழுந்து நேராக வாசற்படிக்குப் போனேன். தொண்டை கட்டிய குரலில், கண்ணில் தாரை தாரையாகத் தண்ணீர் ஓட, ஒரு பிரசங்கமே செய்தேன்.

"மாமா, ஒத்துக்கறேன். நான் தடிமன்தான். போட்டோ பழசு. எங்க மேல தப்புதான். ஆனா யோகா மேல உசுரையே வச்சிருக்கேன் மாமா. நாளையிலருந்து ஓடுறேன். பரோட்டாவத் தொட மாட்டேன். ராத்திரிக்குச் சோறே வேணாம். இந்த மூஞ்சி பரவாயில்லையான்னு ஒரு தடவ பாத்துட்டுச் சொல்லுங்க. இனிமே மறைக்க மாட்டேன்!"

சொல்லிவிட்டு மாஸ்க்கின் வாரை இழுத்தேன்.

"கழட்டாதீங்க!" "ஐயோ, போடுங்க, போடுங்க!" "மூடுங்க தம்பி!" என்று வீடே அலறியது. ஒரு பெரியவர் ஜன்னல் வழியாக வெளியே குதிக்கக் காலைத் தூக்கிவிட்டார். நான் விக்கித்துப்போனேன். என் முகம் அவ்வளவு மோசமாகவா ஆகிவிட்டது? இரண்டு கன்னத்தையும் கையால் பொத்திக்கொண்டு, வாழ்க்கையில் அப்படி ஒரு கேவலத்தை அதுவரை அனுபவித்ததில்லை, அழவே ஆரம்பித்துவிட்டேன்.

அப்போதுதான் அந்தச் சிரிப்பு கேட்டது. சமையலறை ஜன்னல் பக்கத்திலிருந்து, தொண்டை முழுவதும் திறந்த சிரிப்பு. யாரையும் கேட்காமல் யோகா வெளியே வந்தாள். மஃப்ளரும் இல்லை, முந்தானையும் இல்லை. மாமா "உள்ள போ பிள்ள!" என்றார். அவள் கேட்கவில்லை. நேரே வாசற்படிக்கு வந்து என்னைப் பார்த்தாள்.

"தடிமன் எங்க இருக்கு, கொஞ்சம் காட்டுங்க பாப்போம்."

இவளும் சேர்ந்துகொண்டாளே என்று எனக்கு இன்னும் அழுகை பொங்கியது. ஆனாலும் உண்மையே பேசுவது என்று முடிவெடுத்தாகிவிட்டதே. கோட்டை விலக்கி, வயிற்றை இரண்டு கையாலும் பிடித்து, வந்திருந்த அத்தனை பேருக்கும் தெரிகிற மாதிரி தூக்கிக் காட்டினேன்.

"இந்தா, இங்கதான். கொஞ்சம் கன்னத்துலயும்."

யோகா திரும்பி அவள் அப்பாவைப் பார்த்துத் தன் மூக்கைத் தொட்டுக் காட்டினாள். "அப்பா, நம்ம வீட்டுல தடிமன் இங்க இருக்கும். அவங்க வீட்டுல அங்க இருக்கும்போல."

மாமா என் வயிற்றைப் பார்த்தார். என் அம்மாவைப் பார்த்தார். முந்தின நாள் போனில் பேசியதெல்லாம் அவர் முகத்தில் ஒவ்வொன்றாகத் திரும்பி வருவது தெரிந்தது. மஃப்ளரை இறக்கினார். ஓங்கிச் சிரிக்கிற மனிதரே இல்லை அவர். அன்று வாசல் தூணைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். ஜன்னலில் ஒரு கால் வைத்திருந்த பெரியவர் அப்படியே உட்கார்ந்து சிரித்தார். அம்மாவுக்கு மட்டும் யாராவது விளக்கிச் சொல்ல வேண்டியிருந்தது. புரிந்ததும் முதல் வேலையாக, "அப்ப எம் புள்ளைக்குக் கேசரி எங்க?" என்றாள்.

தட்டு வந்தது. ஒன்றுக்கு இரண்டாக வந்தது. ஆனால் எனக்குச் சாப்பிடத் தோன்றவில்லை. சளி இல்லை என்றுதான் தெரிந்திருக்கிறது. உடம்பு அப்படியேதானே இருக்கிறது? மாஸ்க்கும் போய்விட்டது. கன்னம், தாடை, தாடைக்குக் கீழ் தாடை எல்லாம் பட்டப்பகலில் எல்லார் முன்னாலும் இருந்தன. யோகா என்னை உச்சிமுதல் பாதம்வரை நிதானமாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். பாக்கியம் அத்தை கதவுக்குப் பின்னாலிருந்து வந்து, எந்தப் பெண் பார்க்கும் வீட்டிலும் கேட்கிற கேள்வியைக் கேட்டார்.

"என்ன பிள்ள, மாப்பிள்ளை புடிச்சிருக்கா?"

யோகா வாயைத் திறந்தாள். திறந்த வாய் திறந்தபடியே இருந்தது. மூக்கு சுருங்கியது. பிறகு ஓடு அதிரத் தும்மினாள். ஒன்று, இரண்டு என்று அடுக்கிக்கொண்டே போனாள். காலையிலிருந்து குளிரில் ஜன்னலையெல்லாம் திறந்துவைத்திருந்தால் வராமல் என்ன செய்யும்!

"நல்லாவே புடிச்சிருச்சு" என்றார் சந்தனம் மாமா.

யோகா மூக்கைத் துடைத்துக்கொண்டே தலையாட்டினாள். அன்றைக்கே பூ வைத்தார்கள். அடுத்த இரண்டு நாளில் அந்த வீட்டில் அத்தனை பேருக்கும் மூக்கு ஒழுகியது. வெளிநாட்டிலிருந்து பிளேனில் வந்த நான் ஒருவன்தான் சொகமாக இருந்தேன்.

கல்யாணமாகி, சிங்கப்பூர் வேலையை விட்டு, இப்போது பழனியில் அப்பா கடையைப் பார்த்துக்கொள்கிறேன். உடம்பு எப்படி என்று கேட்காதீர்கள். ஆனால் அட்டுவம்பட்டிச் சொந்தத்தில் அன்றோடு ஒரு சொல் செத்துவிட்டது. கடல் தாண்டிக் கொண்டுவந்து, இத்தனை வருடம் பத்திரமாக வைத்திருந்த தடிமன் என்ற சொல்லை இப்போது அங்கே யாரும் சொல்வதில்லை. சளிக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் 'மாப்பிள்ளை'.

"மழையில நனையாதடா, மாப்பிள்ளை புடிச்சிரும்" என்று சின்னப் பிள்ளைகளை அதட்டுகிறார்கள். "பாக்கியம் அத்தைக்கு மாப்பிள்ளை முத்திப்போயி நெஞ்சுல கட்டிக்கிருச்சு" என்று போனில் தகவல் வருகிறது. நான் விருந்துக்குப் போய் உட்கார்ந்திருக்கும்போதே, என் காதுபட, "பிள்ளைக்கு மாப்பிள்ளை ஒழுகுது பாரு, தொடச்சு விடு" என்கிறார்கள். வேற்று ஆட்கள் யாராவது இருந்தால் திகைத்துப்போய் என்னைப் பார்ப்பார்கள். நான் பஜ்ஜியைப் பார்ப்பேன்.

சந்தனம் மாமா இந்தக் கேலியில் அதிகம் கலந்துகொள்வதில்லை. என்னிடம் பழம் பற்றிப் பேசுவார், மழை பற்றிப் பேசுவார். இத்தனை வருடத்தில் என்னைப் பற்றி நல்லதாகவோ கெட்டதாகவோ ஒரு வார்த்தை சொன்னதில்லை. மாமனார்கள் அதையெல்லாம் மருமகனிடம் சொல்வதும் இல்லை. ஆனாலும் எனக்கு உள்ளூர ஒரு உறுத்தல் இருந்துகொண்டேதான் இருந்தது. பழைய போட்டோவைக் காட்டி ஏமாற்றிப் பெண் கட்டியவன் என்று நினைத்திருப்பாரோ?

போன மார்கழியில் ஒருநாள் கடைக்குப் போன் பண்ணினார். பழம் ஏற்றி அனுப்பிவிட்டதாகச் சொன்னார். யோகாவையும் பிள்ளைகளையும் விசாரித்தார். போனை வைக்கப்போகிறார் என்று நினைத்தேன். வைக்கவில்லை. தொண்டையைக் கனைத்தார்.

"எனக்கு மாப்பிள்ளை புடிச்சிருக்கு."

"டாக்டர்ட்ட போனீங்களா மாமா?" என்றேன், பழக்கதோஷத்தில்.

தும்முவார் என்று போனைக் காதிலேயே வைத்துக்கொண்டு காத்திருந்தேன். அவர் தும்மவே இல்லை.